ஸ்டான்லி: ஊர்ப்பெயர் ஆள்பெயரான கதையில் எது சரி, எது புரளி?

வேர்தேடி:

ஸ்டான்லி என்ற ஆண்பெயருக்கு எங்கே தேடினாலும் "கல் நிறைந்த புல்வெளி" என்று ஒரே வரியில் பொருள் போட்டு முடித்துவிடுகிறார்கள். அதற்கு மேல் போனால் ஆளுக்கொரு கதை. பழைய ஆங்கில ஊர்ப்பெயர் என்கிறது ஒரு தளம். ஆப்பிரிக்காவில் லிவிங்ஸ்டனைத் தேடிப்போன பயணி ஸ்டான்லியின் புகழால்தான் பிள்ளைகளுக்கு இந்தப் பெயர் வந்தது என்கிறது இன்னொன்று. போலந்துக்காரர்களின் ஸ்டானிஸ்வாஃப் என்ற பெயரின் சுருக்கம் என்று மூன்றாவது ஒன்று அடித்துச் சொல்கிறது.

என் சந்தேகங்கள் இவை. கல்லுக்கு ஆங்கிலத்தில் "ஸ்டோன்" என்றால் பெயர் ஏன் "ஸ்டோன்லி" ஆகவில்லை? "லி" என்ற ஈறு உண்மையில் எதைக் குறிக்கிறது? ஓர் ஊரின் பெயரைப் பிள்ளைக்கு வைக்கும் வழக்கம் எந்தக் காலத்தில், எந்த வழியாக வந்தது? இதையெல்லாம் நாமே சரிபார்க்க வேண்டுமானால் எங்கே போய் எதைப் பார்க்க வேண்டும்? கடைசியாக, தமிழில் ஸ்டான்லி என்று எழுதுவதா, ஸ்டேன்லி என்று எழுதுவதா?

பொதுவான பதில் வேண்டாம். ஆண்டு, இடம், சொல் என்று பிடி கிடைக்கிற மாதிரி சொல்லுங்கள்.


குறில்நெடில்:

முதல் இரண்டு கேள்விகளை நான் எடுத்துக்கொள்கிறேன்.

பழைய ஆங்கிலத்தில் கல்லுக்குச் சொல் "ஸ்டான்". இதில் ஆ நெடில். வெளிக்குச் சொல் "லேயாஹ்". இரண்டும் சேர்ந்த கூட்டுச்சொல்தான் ஸ்டான்லி. இங்கிலாந்தின் தெற்கிலும் நடுப்பகுதியிலும் ஏறத்தாழ 12, 13-ஆம் நூற்றாண்டுகளில் இந்த நெடில் ஆ, ஓ-வாக மாறியது. ஸ்டான் "ஸ்டோன்" ஆனது, பான் "போன்" ஆனது, ஹாம் "ஹோம்" ஆனது. வடக்கே அந்த மாற்றம் நடக்கவில்லை. ஸ்காட்லாந்துப் பேச்சில் இன்றும் வீட்டுக்கு "ஹேம்" என்பார்கள்.

கூட்டுச்சொல்லில் கதை வேறு. நெடிலுக்குப் பின்னால் இரண்டு மெய்கள் அடுத்தடுத்து வந்தால் அந்த நெடில் முன்னதாகவே குறுகிவிடும். ஸ்டான்+லேயாஹ் என்பதில் ன், ல் இரண்டும் ஒட்டி நிற்பதால் உள்ளே இருந்த ஆ குறிலாகிவிட்டது. ஆ, ஓ-வாக மாறிய மாற்றம் நெடிலைத்தான் தொட்டது, குறிலைத் தொடவில்லை. அதனால்தான் தனிச்சொல் "ஸ்டோன்" ஆன பிறகும் ஸ்டான்லி, ஸ்டான்டன், ஸ்டான்ஃபோர்ட் எல்லாம் பழைய உயிரோடு தப்பின. இதே விதியை மற்றப் பெயர்களில் வைத்துப் பாருங்கள், பொருந்தும். அகலத்துக்கு இன்று "பிராட்" என்று நீட்டிச் சொல்கிறார்கள், ஆனால் பிராட்லி, பிராட்ஃபோர்ட் பெயர்களில் உயிர் குறுகித்தான் ஒலிக்கிறது. ஓக் மரத்துக்குப் பழைய சொல் "ஆக்", அது ஆக்டன் என்ற ஊர்ப்பெயரில் அப்படியே உறைந்து கிடக்கிறது. புனிதத்துக்கு இன்று "ஹோலி", ஆனால் புனிதக் கிணறு என்று பொருள்படும் ஹாலிவெல்லில் ஓ இல்லை.

"ஸ்டோன்லி" என்று ஊரே கிடையாதா என்றால், உண்டு. வார்விக்‌ஷயரில் இருக்கிறது. அதே இரண்டு சொற்கள்தான் அங்கும். பேசுகிறவர்களுக்கு உள்ளே இருக்கும் கல் நினைவில் நின்றதால், தனிச்சொல்லின் ஒலியைப் பெயருக்குள் மறுபடி கொண்டுவந்துவிட்டார்கள். ஊர்ப்பெயரில் விதியும் நடக்கும், விதியை மக்கள் திருத்துவதும் நடக்கும். எது நடந்தது என்று பழைய எழுத்துவடிவங்களைப் பார்க்காமல் சொல்ல முடியாது.

அடுத்து "லி". "புல்வெளி" என்று பொருள் போடுவது தவறில்லை, ஆனால் காலம் பிந்திய பொருள். லேயாஹ் முதலில் குறித்தது காட்டை, அல்லது மரங்கள் விலகிய திறந்த காட்டை. பிறகு காட்டுக்குள் திருத்திய வெளியையும் அங்கே அமைந்த குடியிருப்பையும் குறித்தது. மேய்ச்சல் நிலம், புல்வெளி என்பதெல்லாம் அதற்கும் பிறகு. இடப்பெயர் ஆய்வில் மார்கரெட் கெல்லிங் இதை நன்றாகக் காட்டியிருக்கிறார். நீண்ட காலம் உழுதுவந்த திறந்த நிலப்பகுதிகளில் "டன்" (பண்ணை, குடியிருப்பு) என்று முடியும் ஊர்கள் கூட்டமாக இருக்கும், பழைய காட்டுப் பகுதிகளில் "லி" என்று முடிபவை கூட்டமாக இருக்கும். வரைபடத்தில் ஊர்ப்பெயர் ஈறுகளை மட்டும் பார்த்தே ஆயிரம் ஆண்டுக்கு முந்தைய காடு எங்கே இருந்தது என்று ஓரளவு ஊகிக்கலாம்.

ஆகவே ஸ்டான்லிக்கு நான் போடும் பொருள் "கல்லாங்காட்டு வெளி". கலப்பை இறங்காத, கல் கிடக்கிற, காடு திருத்திய இடம். புகழ்ச்சிப் பெயரெல்லாம் இல்லை. "கல்லைப் போல உறுதியானவன்" என்று சில தளங்கள் எழுதுவது சுத்தக் கற்பனை. கல் அந்த நிலத்தில் கிடந்தது, ஆளின் குணத்தில் அல்ல.

ஒரு கொசுறு: லேயாஹ் என்ற சொல்லுக்கு உறவுக்காரர்கள் நிறைய. லத்தீனில் புனிதச் சோலைக்கு வரும் "லூக்குஸ்", லித்துவேனிய மொழியில் வயலுக்கு வரும் "லௌகஸ்", வாட்டர்லூ என்ற பெயரின் கடைசியில் நிற்கும் "லூ", சமஸ்கிருதத்தில் நாமெல்லாம் அறிந்த "லோக" என்பது வரை ஒரே இந்தோ-ஐரோப்பிய வேர்தான். அங்கே திறந்த வெளி, இங்கே உலகம்.

எச்சரிக்கையும் ஒன்று. "லி" என்று முடிந்தாலே லேயாஹ் என்று நினைத்துவிடாதீர்கள். வூஸ்டர்ஷயரில் பியூட்லி என்ற ஊர் இருக்கிறது. அது ஆங்கிலமே இல்லை. "அழகிய இடம்" என்று பொருள்படும் பிரெஞ்சு "போ லியூ" தேய்ந்து உருமாறியது. பிரிட்டிஷ் பிரதமர் ஸ்டான்லி பால்ட்வின் 1867-ல் பிறந்தது அந்த ஊரில்தான். பெயரில் நிஜ லி, பிறந்த ஊரில் போலி லி.


வேர்தேடி:

குறில்நெடில், அருமை. உயிர் குறுகிய விஷயம் இப்போது தெளிவு. ஆனால் இங்கிலாந்தில் ஸ்டான்லி என்று ஒன்றுக்கு மேற்பட்ட ஊர் இருக்கிறதே. எந்த ஸ்டான்லியிலிருந்து பெயர் வந்தது?


ஏட்டுப்பூச்சி:

ஊர்கள் பல. டர்பிஷயரில் ஒன்று, டரம் பகுதியில் ஒன்று, யார்க்‌ஷயரில் வேக்ஃபீல்டுக்குப் பக்கத்தில் ஒன்று, ஸ்டாஃபோர்ட்ஷயரில் லீக் என்ற ஊருக்கு அருகில் ஒரு சின்னக் கிராமம். குளாஸ்டர்ஷயரில் இரட்டையே உண்டு. அரசருக்குச் சொந்தமாக இருந்ததால் கிங்ஸ் ஸ்டான்லி, புனித லியோனார்ட் பெயரில் மடாலயம் இருந்ததால் லியோனார்ட் ஸ்டான்லி. கல் கிடக்கிற காட்டு வெளி எங்கும்தான் இருக்கும், அதனால் ஒருவரைப் பார்த்து இன்னொருவர் வைக்காமலேயே தனித்தனியாகப் பிறந்த பெயர்கள் இவை. குடும்பப்பெயராக ஸ்டான்லி கொண்டவர்கள் எல்லாரும் ஒரே வம்சம் இல்லை என்பதும் இதனால்தான். அந்தக் காலத்தில் ஊரைவிட்டு வேறிடம் போனவனை அக்கம்பக்கத்தார் "ஸ்டான்லிக்காரன்" என்று அடையாளம் சொன்னார்கள். பதிவேட்டில் "டெ ஸ்டான்லி" என்று ஏறியது. பின்னால் "டெ" உதிர்ந்தது, அடையாளம் பரம்பரைப் பெயராக நின்றுவிட்டது.

ஆனால் ஆள்பெயருக்கு வழி திறந்தது என்று பார்த்தால் ஸ்டாஃபோர்ட்ஷயர் கிராமம்தான் முக்கியம். 12-ஆம் நூற்றாண்டில் ஆட்லி குடும்பத்தின் ஒரு கிளை அந்தக் கிராமத்தை உடைமையாகப் பெற்று அதன் பெயரையே தன் பெயராக்கிக்கொண்டது. ஆட்லி என்பதும் ஊர்ப்பெயர்தான், ஆல்ட்கித் என்ற பெண்ணுக்குரிய லேயாஹ். 1385-ல் சர் ஜான் ஸ்டான்லி லேதம் குடும்பத்து இசபெல்லை மணந்ததில் லங்காஷயரின் லேதமும் நோஸ்லியும் கைக்கு வந்தன. நோஸ்லியும் ஒரு லேயாஹ்தான். லியிலிருந்து லிக்கு, அங்கிருந்து மறுபடி லிக்கு! நோஸ்லி மாளிகை இன்றும் அதே குடும்பத்திடம்தான் இருக்கிறது.

1405-06-ல் மேன் தீவின் ஆட்சியுரிமையும் ஜானுக்குக் கிடைத்தது. 1736 வரை, இடையில் சில முறிவுகளோடு, அந்த வழியிலேயே இருந்தது. 1485 ஆகஸ்ட் 22-ல் பாஸ்வொர்த் போர். தாமஸ் ஸ்டான்லியின் மகனை இங்கிலாந்து அரசர் மூன்றாம் ரிச்சர்டு பிணையாகப் பிடித்து வைத்திருந்தார், அப்படியும் தாமஸ் அரசருக்காகப் படையை இறக்கவில்லை. தம்பி வில்லியமின் ஆட்கள் கடைசி நேரத்தில், ரிச்சர்டை எதிர்த்து வந்த ஹென்றி டியூடர் பக்கம் பாய்ந்தார்கள், ரிச்சர்டு செத்தார். ஹென்றியின் தாயை மணந்திருந்த தாமஸுக்கு அதே ஆண்டு டார்பி பிரபு பட்டம் கிடைத்தது. வில்லியமுக்கு 1495-ல் தலை போனது, ராஜத்துரோகக் குற்றச்சாட்டில். குதிரைப் பந்தயத்துக்கு "டெர்பி" என்று பெயர் வந்தது இதே வரிசையில் 12-ஆவது பிரபுவால், 1780-ல்.

இதைச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. உலக வரைபடத்தில் இருக்கும் பல ஸ்டான்லிகளின் மூலம் கல்லும் இல்லை, காடும் இல்லை, இந்தக் குடும்பம்தான். 14-ஆவது டார்பி பிரபு, மூன்று முறை பிரதமராக இருந்தவர், தந்தை உயிரோடிருந்த காலத்தில் "ஸ்டான்லி பிரபு" என்றே அழைக்கப்பட்டார். அப்போது, 1841 முதல் 1845 வரை, காலனிகளுக்கான அமைச்சர். பாக்லாந்து தீவுகளின் தலைநகர் ஸ்டான்லி அவர் பெயரால் வந்தது, ஹாங்காங்கில் இருக்கும் ஸ்டான்லியும் அவ்வாறே. பாக்லாந்தில் ஆறு ஓடுவது போல் கற்கள் பரந்து கிடக்கும் பள்ளத்தாக்குகள் உண்டு. அதைப் பார்த்துவிட்டு "கல்வெளி" என்று ஊருக்குப் பொருள் சொல்பவர் மாட்டிக்கொள்வார். அவருடைய மகன் ஃபிரெடரிக் கனடாவின் கவர்னர் ஜெனரலாக இருந்தபோது 1892-ல் கொடுத்த கோப்பைதான் ஐஸ் ஹாக்கியின் ஸ்டான்லி கோப்பை.

ஆக, பெயரின் பொருளைச் சொல்லும்போது எந்தப் படியில் நின்று சொல்கிறோம் என்பது முக்கியம். கிராமத்துக்குப் பொருள் "கல்லாங்காட்டு வெளி". குடும்பத்துக்குப் பொருள் "அந்தக் கிராமத்துக்காரர்". 19-ஆம் நூற்றாண்டில் பிள்ளைக்கு வைத்தவருக்கு அது "அந்தப் பெரிய குடும்பத்துப் பெயர்". பெயர் வைத்தவர் மனதில் கல் இருந்திருக்காது.


ஏட்டுப்பூச்சி:

விட்டுப்போன கேள்வி: குடும்பப்பெயரை முதற்பெயராக வைப்பது எப்போதிலிருந்து?

16-ஆம் நூற்றாண்டிலிருந்து தெளிவாகத் தெரிகிறது, அதுவும் முதலில் மேல்தட்டில். நல்ல எடுத்துக்காட்டு கில்ஃபோர்ட் டட்லி. ஒன்பது நாள் அரசி ஜேன் கிரேயின் கணவர், 1554-ல் தலை வெட்டப்பட்டவர். அவருடைய தாயின் பிறந்தவீட்டுக் குடும்பப்பெயர் கில்ஃபோர்ட், அதுவே மகனுக்கு முதற்பெயர் ஆனது. அந்தக் குடும்பப்பெயருக்குப் பின்னால் இருப்பதும் ஊர்ப்பெயர்தான். ஊர், குடும்பம், ஆள் என்ற மூன்று படியும் ஒரே பெயரில் ஏறி நிற்கிறது. 1605-ல் வரலாற்றாசிரியர் வில்லியம் கேம்டன், இப்படிக் குடும்பப்பெயர்களை ஞானஸ்நானப் பெயராக வைப்பதைத் தம் காலத்துப் புது வழக்கமாகக் குறித்து எழுதியிருக்கிறார்.

19-ஆம் நூற்றாண்டில் இது நடுத்தர வர்க்கத்துக்கும், பிறகு தொழிலாளர் வீடுகளுக்கும் இறங்கியது. பெர்சி, சிட்னி, ஹோவர்ட், நெவில், கிளிஃபோர்ட், செசில், ரஸ்ஸல், ஸ்டான்லி எல்லாமே ஒரே படகில் வந்தவை, எல்லாம் பிரபுக் குடும்பப் பெயர்கள். பெர்சியும் நெவிலும் இங்கிலாந்து ஊர்கள்கூட இல்லை, நார்மண்டியில் இருக்கும் ஊர்கள்.

ஸ்டான்லி பெரும்பாலும் நேராக முதலிடத்துக்கு வரவில்லை, இரண்டாம் பெயராக நுழைந்தது. பொருளியலாளர் வில்லியம் ஸ்டான்லி ஜெவன்ஸ், 1835, லிவர்பூல். வானியலாளர் ஆர்தர் ஸ்டான்லி எடிங்டன், 1882, கெண்டல். நகைச்சுவை நடிகர் ஸ்டான் லாரலின் இயற்பெயர் ஆர்தர் ஸ்டான்லி ஜெஃபர்சன், 1890, அல்வர்ஸ்டன். மூவரும் இங்கிலாந்தின் வடமேற்கில், அதாவது ஸ்டான்லி குடும்பத்தின் செல்வாக்கு இருந்த பக்கத்தில், பிறந்தவர்கள். மூன்று பேரை வைத்துச் சட்டம் போட முடியாது, ஆனால் தேடத் தொடங்க நல்ல இடம்.


பாதசாரி:

ஏட்டுப்பூச்சி ஐயா, பிரபுக் குடும்பத்தை மட்டும் சொல்லிவிட்டுப் பயணி ஸ்டான்லியை இவ்வளவு எளிதாக ஒதுக்கிவிட முடியுமா? 1870-களுக்குப் பிறகு அவர் பெயர் எல்லாப் பத்திரிகையிலும் இருந்ததே. இந்தப் பெயர் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் உச்சத்தில் இருந்ததும் அதோடு ஒத்துப்போகிறது.


ஏட்டுப்பூச்சி:

பாதசாரி, ஒதுக்கவில்லை. "அவரால் தொடங்கியது" என்பதைத்தான் மறுக்கிறேன். ஆண்டுகளை வரிசையாக வைத்தால் போதும். லிவிங்ஸ்டனை உஜிஜியில் சந்தித்தது 1871. ஜெவன்ஸுக்குப் பெயர் வைத்தது 1835, பால்ட்வினுக்கு 1867. பயணி யாரென்றே உலகம் அறியாத காலம்.

போதாததற்கு அவருடைய பெயரே இரவல். 1841-ல் வேல்ஸின் டென்பியில் பிறந்தபோது அவர் ஜான் ரோலண்ட்ஸ். அமெரிக்காவுக்குப் போய், நியூ ஆர்லியன்ஸில் இருந்த ஸ்டான்லி என்ற வணிகரின் பெயரை எடுத்துக்கொண்டார். ஆக அவர் ஸ்டான்லி என்ற பெயரை உண்டாக்கியவர் அல்ல, ஏற்கெனவே இருந்த அதை எடுத்துக்கொண்ட இன்னொருவர். ஓடிக்கொண்டிருந்த வண்டியைப் பின்னாலிருந்து அவரும் தள்ளியிருக்கலாம், அதை மறுப்பதற்கில்லை.

உச்சம் பற்றிச் சொன்னது சரி. இங்கிலாந்து-வேல்ஸ் புள்ளியியல் அலுவலகம் 1904 முதல் பத்தாண்டுக்கு ஒரு பட்டியல் வெளியிட்டிருக்கிறது. 1904, 1914 இரண்டிலும் ஸ்டான்லி முதல் 50-க்குள். அந்த நூற்றாண்டின் இரண்டாம் பாதியில் சரிந்து, "தாத்தா பெயர்" ஆகி, 2010-களில் மீண்டும் முதல் 100-க்குள் வந்துவிட்டது. பழைய பெயர்கள் இரண்டு மூன்று தலைமுறை கழித்துத் திரும்புவது ஆங்கிலத்தில் சகஜம்.


எல்லைக்கோடு:

போலந்துக் கதைக்கு நான் வருகிறேன். ஸ்டானிஸ்வாஃப் என்பது ஸ்லாவிய கூட்டுப்பெயர். முன்பாதி "நிற்றல், ஆதல்" என்ற வேர், பின்பாதி "ஸ்லாவா", அதாவது புகழ். 1079-ல் கொல்லப்பட்ட கிராக்கோ ஆயர் புனித ஸ்டானிஸ்லாஸால் போலந்தில் வேரூன்றிய பெயர். ஸ்டான்லியோடு எந்த ரத்த சம்பந்தமும் இல்லை. "ஸ்டான்" என்ற முதல் அசை ஒத்திருப்பது தற்செயல்.

பிறகு ஏன் இந்தக் குழப்பம்? அமெரிக்காவுக்குப் போன போலந்துக்காரர்கள் வாய்க்கும் படிவத்துக்கும் எளிதாக இருக்கட்டும் என்று ஸ்டானிஸ்வாஃபை ஸ்டான்லி ஆக்கிக்கொண்டார்கள். பழைய அமெரிக்க ஆவணத்தில் போலிஷ் குடும்பப்பெயரோடு ஸ்டான்லி இருந்தால், தேவாலயப் பதிவில் ஸ்டானிஸ்லாஸ் என்று இருக்க வாய்ப்பு அதிகம். ஆகவே ஸ்டான்லி அங்கே ஈடாக எடுத்துக்கொண்ட பெயர், ஸ்டானிஸ்வாஃபிலிருந்து பிறந்த பெயர் இல்லை. இரண்டையும் குழப்பினால் குடும்ப வரலாறு தேடுகிறவர் ஆளையே தவறவிடுவார்.

யூதக் குடியேறிகள் வழி வேறு. நியூயார்க்கில் பிறந்த தலைமுறைக்கு ஆங்கிலப் பெருமை மணக்கும் குடும்பப்பெயர்களைத் தேடி வைத்தார்கள். மில்டன், சிட்னி, சீமோர், ஸ்டான்லி. வேடிக்கை என்னவென்றால் அளவுக்கு மீறி வைத்ததால், ஒரு தலைமுறைக்குள் அந்தப் பெயர்களில் சில அங்கே யூதப் பெயராகவே பார்க்கப்பட்டன. இயக்குநர் ஸ்டான்லி குப்ரிக் 1928-ல் நியூயார்க்கில் பிறந்தவர். 1922-ல் பிறந்த ஸ்டான்லி லீபர் தன் முதற்பெயரை நடுவில் பிளந்து ஸ்டான் லீ என்று கையெழுத்திட்டார். அவர் பிளந்த இடத்தைக் கவனியுங்கள். ஆயிரம் ஆண்டுக்கு முன்னால் இரண்டு சொற்கள் ஒட்டிய அதே இடம்!

ஆண்பெயர் என்றாலும் விதிவிலக்கு உண்டு. 1942-ல் பிறந்த, பராக் ஒபாமாவின் தாய்க்குப் பெயர் ஸ்டான்லி ஆன் டன்ஹாம். தந்தையின் பெயரை அப்படியே வைத்தார்கள்.

பிள்ளைக்கு வைக்க நினைப்பவர்களுக்கு ஒரு தகவல்: சுருக்கப் பெயர் "ஸ்டான்" இப்போது இணையத்தில் "வெறித்தனமான ரசிகன்" என்ற பொருளில் வினைச்சொல்லாகவே புழங்குகிறது. 2000-ல் வந்த ஒரு ராப் பாடலில் வரும் ரசிகனின் பெயர் அது. பெயருக்கு இழுக்கில்லை, ஆனால் தெரிந்து வைப்பது நல்லது.


வேர்தேடி:

எல்லாருக்கும் நன்றி. சரிபார்க்கும் முறையை யாராவது படிப்படியாகச் சொன்னால் இதே முறையில் கிளிஃப்டன், பிரெஸ்டன் போன்றவற்றையும் பார்த்துவிடுவேன்.


ஏட்டுப்பூச்சி:

முதல் வேலை, இன்றைய எழுத்துக்கூட்டலை மறந்துவிடுவது. இன்றைய வடிவத்தை அகராதியில் தேடிப் பொருள் சொல்வதுதான் பத்தில் ஒன்பது தவறுக்குக் காரணம். அந்த ஊரின் மிகப் பழைய எழுத்துவடிவம் வேண்டும். 1086-ன் டூம்ஸ்டே நிலப்பதிவேடு எல்லாரும் முதலில் ஓடும் இடம், ஆனால் அதை எழுதியவர்கள் நார்மன் ஆட்சியின் எழுத்தர்கள், தங்கள் காதுக்குக் கேட்டபடி எழுதினார்கள். ஒரே ஒரு டூம்ஸ்டே வடிவத்தை நம்பாமல் அதற்கு முந்தைய சாசனங்களும் அடுத்த இருநூறு ஆண்டு வரிப்பட்டியல்களும் சேர்த்து ஒரு வரிசை பார்க்க வேண்டும். பியூட்லி போன்ற போலிகள் இந்த வரிசையில்தான் பிடிபடும்.

இதை நீங்களே தோண்ட வேண்டியதில்லை. 1923-ல் தொடங்கிய ஆங்கில இடப்பெயர்க் கழகம் மாவட்டம் மாவட்டமாகத் தொகுதிகள் போட்டுவருகிறது. எல்லா மாவட்டமும் இன்னும் முடியவில்லை. நாட்டிங்ஹாம் பல்கலைக்கழகம் இணையத்தில் இலவசமாக வைத்திருக்கும் இடப்பெயர்த் திறவுகோலில் ஊர்ப்பெயரைத் தட்டினால் கூறுகள் பிரித்து, மொழி சொல்லி, பொருள் தருகிறது. வீட்டிலிருந்து செய்ய அது போதும். நீங்கள் சொன்ன பிரெஸ்டனைப் போட்டால் "குருமார்" + "டன்" என்று பிரியும், கிளிஃப்டன் "செங்குத்துச் சரிவு" + "டன்" என்று பிரியும்.

குடும்பப்பெயருக்கு, 2016-ல் ஆக்ஸ்ஃபோர்டு வெளியிட்ட பிரிட்டன்-அயர்லாந்து குடும்பப்பெயர் அகராதி, நான்கு தொகுதி. நூலகத்தில்தான் பார்க்க முடியும், விலை அப்படி.

ஆள்பெயருக்கு, 1538 முதல் திருச்சபைப் பதிவேடுகள், 1837 ஜூலை 1 முதல் அரசுப் பிறப்புப் பதிவு. இங்கேதான் கால் வழுக்கும் இடங்கள் அதிகம்.

பிறப்புப் பதிவு அட்டவணை காலாண்டு வாரியானது, பிறந்த நாளை வைத்து அல்ல, பதிந்த நாளை வைத்து. பதிய 42 நாள் அவகாசம் உண்டு. டிசம்பரில் பிறந்தவன் அடுத்த ஆண்டு மார்ச் காலாண்டில் கிடக்கக்கூடும். பதிவு செய்யும் பொறுப்பு பெற்றோர் தலையில் அபராதத்தோடு விழுந்தது 1875 முதல்தான், அதற்கு முன் விடுபட்டவை உண்டு. அதனால் 1840-ல் ஸ்டான்லிகள் குறைவு, 1880-ல் அதிகம் என்றால் முழுவதும் பெயரின் செல்வாக்கு என்று எடுத்துக்கொள்ளக்கூடாது.

இரண்டாம் பெயராக வந்த ஸ்டான்லிகளைத் தேடினால் இன்னொரு சிக்கல். 1910-களிலிருந்து பல பத்தாண்டுகளுக்குப் பழைய அச்சு அட்டவணையில் முதல் பெயர் மட்டும் முழுதாக இருக்கும், இரண்டாவதுக்குத் தலைப்பெழுத்துதான். "ஆர்தர் எஸ்." என்று இருப்பது ஸ்டான்லியா, சிட்னியா, சாமுவேலா என்று அட்டவணையை வைத்துச் சொல்ல முடியாது. எண்ணிக்கை திடீரென்று விழுவது போல் தோன்றினால் பெயர் சாகவில்லை, அச்சுக்காரர் இடத்தை மிச்சப்படுத்தியிருக்கிறார்.

ஒருவருக்கு ஏன் ஸ்டான்லி என்று வைத்தார்கள் என்று பார்க்க, தாயின் பிறந்தவீட்டுப் பெயரை முதலில் பாருங்கள். பழைய அட்டவணையில் அது 1911 செப்டம்பர் காலாண்டிலிருந்துதான் இருக்கிறது. பொதுப் பதிவு அலுவலகத்தின் புதிய இணைய அட்டவணையில் 1837 வரை பின்னோக்கிச் சேர்த்துவிட்டார்கள். தாய் ஸ்டான்லி குடும்பத்தவர் என்றால் பிரபுவையும் பயணியையும் இழுக்க வேண்டியதில்லை, கதை அங்கேயே முடிந்தது.

அண்மைக் காலப் புள்ளிவிவரத்தில், இங்கிலாந்து-வேல்ஸ் புள்ளியியல் அலுவலகம் ஒவ்வோர் எழுத்துக்கூட்டலையும் தனிப்பெயராக எண்ணும், ஸ்டான் தனி, ஸ்டான்லி தனி. மூன்றுக்குக் குறைவாக வைக்கப்பட்ட பெயரைக் காட்டவே காட்டாது. ஸ்காட்லாந்துக்கும் வட அயர்லாந்துக்கும் வேறு அலுவலகங்கள், அவற்றைச் சேர்க்காமல் "பிரிட்டன்" என்று எழுதிவிடாதீர்கள்.


குறில்நெடில்:

தமிழ் எழுத்துக்கூட்டல் கேள்வியை யாரும் தொடவில்லை.

இன்றைய ஆங்கில ஒலிப்பில் முதல் அசையின் உயிர் குறில், அ-வுக்கும் எ-வுக்கும் நடுவில், வாயை அகலத் திறந்து சொல்வது. அதற்குத் தமிழில் எழுத்து இல்லை. "ஸ்டேன்" என்றால் ஏ நீண்டு கறை என்று பொருள்படும் ஆங்கிலச் சொல்லாகிவிடுகிறது. "ஸ்டன்லி" என்றால் வேறு உயிர். பேங்க், கேமரா என்று ஏ போடும் பழக்கம் நமக்கு இருந்தாலும் இந்தப் பெயரில் ஆ நிலைத்துவிட்டது. அகரவரிசையில் தேடவும் அதுவே வசதி. ஸ்டான்லி என்றே எழுதுங்கள்.

இன்னொன்றும் பாருங்கள். இங்கிலாந்தில் அந்த உயிர் குறுகி எண்ணூறு ஆண்டுக்கு மேல் ஆகிறது. நாம் துணைக்கால் போட்டு எழுதும் "ஸ்டான்" இருக்கிறதே, உயிர் குறுகுவதற்கு முன்னால் அந்தக் கிராமத்துக்காரர்கள் கல்லுக்குச் சொன்ன சொல்லும் அதுதான், நெடிலோடு.